விதியும் செவியும்

மரபைக் காப்பது ஆசிரியரின் கடமை. மரபைக் கடந்து வளர்வது கலையின் இயல்பு. இவ்விரண்டும் மோதுங்கால் நீதி எப்பக்கம் நிற்கும்? பிரெஞ்சு இசை வரலாறு இவ்வினாவுக்குத் தக்கதோர் எடுத்துக்காட்டைத் தருகிறது.

பாரிஸ் இசைக் கல்லூரி இலக்கண வரம்பைப் பேணுவதில் பெயர்பெற்றது. அங்குப் பயின்ற குளோத் டெபுசி, 1884ஆம் ஆண்டில் ரோமாபுரிப் பரிசை வென்றார். 1889ஆம் ஆண்டின் பாரிஸ் கண்காட்சியில் சாவகத்துக் கமெலான் இசை அவர் உள்ளத்தைக் கவர்ந்தது. 1894இல், மல்லார்மேயின் கவிதையொன்றால் உந்தப்பெற்று அவர் படைத்த இசை அரங்கேறியபோது, சுரங்கள் விதித்த வழியில் நடவாமல் வண்ணங்களைப் போல ஒன்றோடொன்று குழைந்தன. விதி விலக்கியதைச் செவி விரும்பி ஏற்றது.

அடுத்து வந்தவர் மொரிஸ் ராவேல். 1901இல் ‘நீர் விளையாட்டு’ என்னும் பியானோ இசையையும், பின்னர் நால்வர் நரம்பிசையையும் படைத்துப் புகழ் பெற்றவர். எனினும் 1905இல், தம் முப்பதாம் வயதில், ஐந்தாம் முறையாகப் பரிசுக்கு முயன்றபோது முதற்சுற்றிலேயே நீக்கப்பட்டார். இலக்கணத் தேர்வில் இலக்கணம் வழுவியவரை நீக்கியது குற்றமாகுமா என்று கேட்கலாம். அதுவும் நேர்மையான கேள்வியே. விதியை அளக்கும் தேர்வில் விதியைக் கேட்பதில் தவறில்லை. ஆயின், இறுதிச் சுற்றுக்குத் தேர்வான அறுவரும் நடுவர் ஒருவரின் மாணாக்கரே என்பது வெளிப்பட்டபோது பாரிஸ் நகரமே கொதித்தெழுந்தது. விதியின் பெயரால் தீர்ப்பளித்தோர், எல்லா விதிகட்கும் தாயான நடுவுநிலைமையை மறந்தனர்!

அவ்வாண்டிலேயே ராவேலின் ஆசான் கப்ரியேல் ஃபோரே கல்லூரித் தலைமையை ஏற்றார். அவர் இலக்கணத்தை ஒழிக்கவில்லை. பழைய பல்குரலிசை முதல் டெபுசி வரை பாடத்தை விரித்தார். தேர்வுகளுக்கு வெளியிலிருந்து நடுவர்களை அழைத்தார். சினந்து விலகிய ஆசிரியரும் உண்டு.

ராவேலோ மரபின் பகைவர் அல்லர். முதல் உலகப் போரில் மாண்ட நண்பர்களுக்கு 1917இல் அவர் இசையால் அஞ்சலி செலுத்தியபோது, கூப்பரான் காலத்துப் பழைய நடன வடிவங்களையே கையாண்டார். மரபை நன்கறிந்தவனே அதனை மீறவும் வல்லவன். மீண்டும் அதனை வணங்கவும் வல்லவன்.

அறியாமையால் நேரும் வழு வேறு. அறிந்து பிறக்கும் புதுமை வேறு. முன்னதைத் திருத்துவதும் பின்னதைப் போற்றுவதும் ஆசிரியர்க்குரிய அறம். இரண்டையும் ஒரே சிவப்பு மையால் அடித்துவிடும் கை, மரபைக் காப்பதாகாது. அதன் வேரை அறுப்பதாகும்.