வாளின் பாவமும் தராசின் பாவமும்

ஹிஜ்ரி 656 (கி.பி. 1258). பக்தாத் வீழ்ந்த ஆண்டு. செங்கிஸ்கானின் பேரன் ஹுலாகுவின் படை அந்நகருக்குள் புகுந்தது. கலீபா முஸ்தஃஸிம் பில்லாஹ் கொல்லப்பட்டார். ஐந்நூறு ஆண்டுகள் அப்பாஸியர் வசம் இருந்த கிலாபத் முடிவுற்றது. அந்த வரலாற்றைப் படிக்கும்போது நம் நெஞ்சு இன்றும் பதறுகிறது. பதற வேண்டியதுதான். ஆனால் அநியாயம் என்றதும் வாளும் தீயும் மட்டுமே நம் நினைவுக்கு வருகின்றன. ஒரு துளி இரத்தம் சிந்தாமல், கணக்கேட்டுக்குள்ளேயே நடந்து முடிந்துவிடும் அநியாயமும் உண்டு. அதைப் பற்றிச் சிந்திக்க பக்தாத் வரை போக வேண்டியதில்லை. அதே மங்கோலியர் காலத்தில் நமது தூத்துக்குடிக் கரையிலேயே அதற்கொரு பாடம் இருக்கிறது.

தாமிரபரணி கடலோடு கலக்கும் இடத்துக்கு அருகே பழையகாயல் இருக்கிறது. கடல் விலகிப் போனதால் இன்று அது ஒரு சிற்றூர். பதின்மூன்றாம் நூற்றாண்டிலோ அது பாண்டியரின் பெருந்துறைமுகம். அரபு வணிகர்கள் இக்கரையை மஃபர் என்று அழைத்தனர். பத்தொன்பதாம் நூற்றாண்டில் கால்டுவெல் பாதிரியார் அங்கே ஆராய்ந்தபோது சீனப் பீங்கான் ஓடுகள் கிடைத்தன.

அந்தச் சீனத்தை அக்காலத்தில் ஆண்டவர் செங்கிஸ்கானின் மற்றொரு பேரரான குப்ளாய். மேற்கே பாரசீகத்தை ஆண்டவர்கள் ஹுலாகுவின் வழிவந்த இல்கான்கள். நடு ஆசியாவில் மங்கோலியர் தமக்குள்ளேயே போரிட்டுக் கொண்டிருந்ததால், இவ்விரு அரசுகளையும் இணைக்கும் வழியாகக் கடல் சிறப்புப் பெற்றது. அக்கடல் வழியின் நடுவே காயல் இருந்தது. குப்ளாயின் தூதர் யாங் டிங்பி 1280-களின் தொடக்கத்தில் மஃபருக்கும் கொல்லத்துக்கும் வந்து சென்றார். பணிய மறுத்த ஜாவாவின் மீது 1293-ல் குப்ளாயின் கப்பற்படை பாய்ந்தது. பாண்டிய நாட்டுக்கோ தூதும் சரக்கும்தான் வந்தன. இல்கானுக்கு மணமுடிக்க அனுப்பப்பட்ட மங்கோலிய இளவரசியுடன் பயணம் செய்த வெனிஸ் நகரத்து மார்க்கோ போலோ, ஹுர்முஸ், கீஷ், ஏடன் ஆகிய இடங்களிலிருந்து குதிரை ஏற்றி வரும் கப்பல்கள் காயலைத் தொடுவதைப் பதிவு செய்திருக்கிறார்.

அந்தக் குதிரை வாணிபத்தின் தலைவர், கீஷ் தீவை ஆண்ட மலிகுல் இஸ்லாம் ஜமாலுத்தீன் இப்ராஹீம். இல்கான்களுக்குக் கட்டுப்பட்டு, ஃபார்ஸ் மாநிலத்தின் வரி வசூலைக் குத்தகைக்கு எடுத்தவர். அவருடைய சகோதரர் தகியுத்தீன் அப்துர் ரஹ்மான் பாண்டிய அரசில் அமைச்சர். காயல் உட்பட மூன்று துறைமுகங்கள் அவர் பொறுப்பில் இருந்தன. ஜமாலுத்தீனின் மகன் ஃபக்ருத்தீன் அஹ்மதை, இஸ்லாத்தைத் தழுவிய இல்கான் காஸான் சீனப் பேரரசரிடம் தூதராக அனுப்பினார். திரும்பும் வழியில் 1305-ல் மஃபரை நெருங்கும் வேளையில் அவர் காலமானார். சிறிய தந்தையின் கபுருக்கு அருகே அடக்கம் செய்யப்பட்டார். ஒரே குடும்பம், இரண்டு மங்கோலிய அரசுகள், நடுவே நம்முடைய கரை!

வேற்று மதத்தவரான பாண்டிய மன்னர் இவர்கள் மீது எவ்வளவு நம்பிக்கை வைத்திருந்தார் என்பதைப் பாருங்கள். பாரசீக வரலாற்றாசிரியர் வஸ்ஸாஃப் எழுதுகிறார்: ஜமாலுத்தீன் ஆண்டுக்கு 1,400 குதிரைகள் அனுப்ப ஒப்பந்தம். குதிரை ஒன்றுக்கு 220 தீனார் பொன். வழியில் கடலில் செத்துப்போன குதிரைக்கும் அரச கருவூலம் விலை கொடுத்துவிடும். அந்தப் பணத்தில் கோயில்களின் வருவாயும் அடங்கும் என்றும் அவர் சொல்கிறார்.

இவ்வளவு விலை கொடுத்து வாங்கிய குதிரைகள் இந்நாட்டில் நெடுநாள் வாழவில்லை. வெப்பம் ஒத்துக்கொள்ளவில்லை, தீனியும் ஒத்துக்கொள்ளவில்லை. பாலும் நெய்யும் சேர்த்த உணவு கொடுத்தார்கள் என்கிறார் வஸ்ஸாஃப். சோறும் இறைச்சியும் கொடுத்தார்கள் என்கிறார் போலோ. லாடம் அடிக்கவும் நோய் பார்க்கவும் தெரிந்தவர்கள் இங்கே இல்லை. போலோ இன்னொன்றும் சொல்கிறார்: குதிரை வணிகர்கள் அத்தகைய ஆட்களைத் தாங்களும் அழைத்து வருவதில்லை, பிறர் வருவதையும் தடுத்து விடுவார்கள், குதிரை பிழைத்துக்கொண்டால் மறு ஆண்டு விற்பனை குறையுமல்லவா!

போலோ ஓர் அந்நியர், அவரும் வணிகர், போட்டி வணிகரைப் பற்றிக் கேட்டதைப் பெருக்கிச் சொல்லியிருக்கலாம். அவர் வார்த்தையை மட்டும் வைத்து எவருக்கும் தீர்ப்பு எழுத நமக்கு உரிமையில்லை. ஆயினும் அவர் எழுப்பும் கேள்வி நம்மை விடாது. வாங்குபவரின் அறியாமையிலிருந்து வரும் இலாபம் தூய்மையானதா?

ஒருவர் வாதிடலாம்: "விற்ற அன்று குதிரை திடமாக இருந்தது. சரக்கில் குறையில்லை, எடையில் மோசமில்லை, விலை பேசி முடித்தது. பிறகு தவறான தீனி போட்டுக் கொன்றால் விற்றவர் என்ன செய்வார்?" வியாபாரச் சட்டத்தின் முன் இந்த வாதம் நிற்கக்கூடும். ஆனால் சொல்லாமல் இருப்பது ஒன்று. தெரிந்துகொள்ளவே விடாமல் தடுப்பது வேறு ஒன்று. முன்னது அலட்சியம், பின்னது வஞ்சகம்.

இதே கரையின் முத்துக்குளிப்பை எடுத்துக்கொள்ளுங்கள். ஆங்கிலேயர் காலத்தில் சிப்பிகளைத் திறக்காமலே ஆயிரம் ஆயிரமாக ஏலம் விட்டார்கள். உள்ளே முத்து இருக்கிறதா என்பது விற்பவருக்கும் தெரியாது, வாங்குபவருக்கும் தெரியாது. அவ்வகை விற்பனை கூடுமா கூடாதா என்பது தனி மஸ்அலா. ஆனால் அங்கே இருவரும் ஒரே இருட்டில் நின்றார்கள். குதிரைச் சந்தையிலோ ஒருவர் கையில் விளக்கு இருந்தது. அடுத்தவருக்கு வெளிச்சம் விழாதபடி அதை மூடிக்கொண்டார் என்பதுதான் குற்றச்சாட்டு.

கடைத்தெருவில் தானியக் குவியலுக்குள் கைவிட்டுப் பார்த்து, உள்ளே ஈரம் இருக்கக் கண்ட அண்ணல் நபி (ஸல்) அவர்கள், நனைந்ததை மக்கள் பார்க்கும்படி மேலே வைக்கலாகாதா என்று கேட்டதை நாம் அறிவோம். இமாம் அபூஹனீஃபா (ரஹ்) அவர்கள் துணி வணிகர். குறையுள்ள துணி ஒன்றின் குறையைச் சொல்லாமலே கூட்டாளி விற்றுவிட்டார் என்று அறிந்ததும், அந்தப் பணம் முழுவதையும் தருமம் செய்துவிட்டதாக வரலாறு கூறுகிறது. அவர்கள் அடக்கமாகியிருப்பதும் பக்தாதில்தான். அந்நகரை அழித்தவனுக்காக நாம் கோபப்படுகிறோம். அந்நகரில் துயிலும் இமாமின் பேணுதலை நம் கடைக்குள் அனுமதிக்கிறோமா?

கடலுக்குப் போகும் மீனவருக்கு எஞ்சின் விற்கிறோம். உப்புக்காற்றில் அது கெடாமல் காப்பது எப்படி என்று நமக்குத் தெரியும். 'பழுதானால் நம்மிடம்தானே வருவார்' என்று வாய் மூடிக்கொள்கிறோமா? எழுதப் படிக்கத் தெரியாத மூதாட்டி நகை விற்க வருகிறார். அன்றைய விலையை அவர் கேட்காவிட்டாலும் சொல்கிறோமா? பில் சரியாக இருக்கிறது, தராசு சரியாக இருக்கிறது என்பதோடு நம் பொறுப்புத் தீர்ந்துவிடுவதில்லை. நம்பி வருபவரின் அறியாமையும் நம்மிடம் ஒப்படைக்கப்பட்ட அமானிதமே. அவர் எந்த மார்க்கத்தவர் என்பதால் அந்த அமானிதம் குறைவதில்லை.

ஹுலாகுவின் பாவம் எல்லோருக்கும் தெரிந்த பாவம், உலகமே சாட்சி. தராசின் பாவத்துக்குச் சாட்சி இல்லை. குதிரை ஏன் செத்தது என்று பாண்டியருக்குக் கடைசிவரை தெரியாமலே போயிருக்கலாம். விற்றவருக்குத் தெரியும், அவரைப் படைத்தவனுக்கும் தெரியும். மறுமையின் கணக்கில் அவ்விரு சாட்சிகளே போதும். அந்தக் கணக்குக்கு அஞ்சி இங்கேயே கணக்கைச் சரிசெய்து கொள்ளும் நல்லறிவை வல்ல அல்லாஹ் நம் அனைவருக்கும் தந்தருள்வானாக! ஆமீன்.