நிறுத்தும் கயிறு

சேரப்பணஞ்சேரியில் ஆசிரியப் பணி புரியும் நாம் அன்றாடம் காண்பவை ஒரகடம் நோக்கி விரையும் ஆலைப் பேருந்துகள். ஜப்பானியர் நிறுவிய ஆலைகளும் அங்கே உண்டு. நம் மாணவர் பலர் நாளை அவற்றில் வரிசையாக நிற்கப் போகிறவர்கள். ஒரு கை தயங்கினால் அடுத்த கை காத்திருக்கும் வேலை அது. ஆகவே, தோழர்களே, ஜப்பானியர் போற்றும் ஓட்டமொன்றை எண்ணிப் பார்க்க விழைகிறோம்.

‘எகிடென்’ என்பது அதன் பெயர். நிலையத்துக்கு நிலையம் குதிரை மாற்றிச் செய்தி கடத்திய பழைய முறையிலிருந்து பிறந்த சொல். நாமும் தொடர் ஓட்டத்தை அஞ்சல் ஓட்டம் என்கிறோம் அன்றோ! 1917இல் கியோட்டோவிலிருந்து டோக்கியோவுக்கு, 500 கிலோமீட்டருக்கு மேல், இரவும் பகலும் முதல் எகிடென் ஓடப்பட்டது. 1920இல் தோன்றிய ஹகோனே எகிடெனில் கல்லூரிக்குப் பத்து இளைஞர் ஏறத்தாழ 217 கிலோமீட்டரை இரண்டு நாளில் கடக்கின்றனர். கையில் கோல் இல்லை. தோளின் குறுக்கே ‘தாசுகி’ என்னும் துணிப்பட்டை. வியர்வையில் நனைந்த அதை அடுத்தவனிடம் சேர்ப்பதே கடமை.

தனக்காக மட்டும் ஓடாதவன் உயர்ந்தவன், ஐயமில்லை. ஆனால் 2018 அக்டோபரில், புக்குவோக்காவில் நடந்த மகளிர் எகிடெனில் நிகழ்ந்தது என்ன? 19 வயது வீராங்கனை ஒருத்தி கால் எலும்பு முறிந்து வீழ்ந்தாள். எழ இயலாமல் முழங்காலிட்டுத் தவழ்ந்தாள். தார்ச்சாலை தோலை உரித்தது. குருதி கசியச் சில நூறு மீட்டர் ஊர்ந்து பட்டையைச் சேர்த்தாள். நிறுத்துமாறு பயிற்சியாளர் விடுத்த சொல் களத்தை எட்டத் தாமதமாயிற்றாம். செய்தி கடத்தும் ஓட்டத்தில், சேரவேண்டிய அந்த ஒரு செய்தி சேரவில்லை!

வீரம் என்றனர் சிலர். கொடுமை என்றனர் சிலர். அவள் துணிவைப் பழிக்க நமக்கு வாயில்லை. விரும்பித்தானே தவழ்ந்தாள் என்பர். நின்றால் தோழியர் உழைப்பெல்லாம் பாழ் என்று உள்ளத்தில் ஏற்றிவிட்ட பின், விருப்பம் எது, அச்சம் எது? ஒருவர் விலகினால் குழுவே கணக்கிலிருந்து நீங்கும் என்ற விதி மனிதர் வகுத்ததுதான். மாற்றாள் ஒருத்தியை ஓடவிட்டுச் சில நிமிடங்களைத் தண்டமாகச் சேர்த்தால் வானமா இடிந்து விழும்?

அதே ஜப்பானில், டொயோட்டா ஆலையில், பொருளில் கோளாறு கண்டால் எந்தத் தொழிலாளியும் இழுத்து வரிசையை நிறுத்தக் கயிறு கட்டி வைத்தார்கள். இரும்புக்குக் கிடைத்த அந்தக் கயிறு எலும்புக்கு ஏன் கிடைக்கவில்லை? கை நோக நிற்கப் போகும் நம் மாணவனுக்காகவும் கேட்கிறோம்.

ஹகோனே எகிடெனைத் தோற்றுவித்தவருள் முதன்மையானவர் கனகுரி சீசோ. 1912இல் ஸ்டாக்ஹோம் ஒலிம்பிக் மாரத்தானில் கடும் வெயிலில் தளர்ந்து, வழியில் ஒரு வீட்டாரின் உதவியை ஏற்று, பாதியில் நின்றுவிட்டவர் அவர். வெட்கித்தான் ஊர் திரும்பினார். அதே வெயிலில் விழும்வரை ஓடிய போர்ச்சுகல் வீரர் லாசரோ மறுநாள் இறந்தார். கனகுரியை 1967இல் ஸ்டாக்ஹோம் மீண்டும் அழைத்தது. தமது 75ஆம் வயதில் முடிவுக் கோட்டை ஓடிக் கடந்தார்.