எடைக்கு ஓர் இடம்

2019 ஜூன் மாதம், மணிலா. ஆட்டம் முடியச் சில நிமிடங்கள்தான் பாக்கி. சிங்கப்பூரைவிட ஒரு புள்ளி பின்தங்கி நிற்கிறது இந்தியப் பெண்கள் ரக்பி அணி. கிடைத்த பெனால்டியை ஒடிசாவின் சுமித்ரா நாயக் கம்பங்களுக்கு நடுவே உதைக்கிறார், மூன்று புள்ளி. 21–19. பதினைந்து பேர் ஆடும் சர்வதேச ரக்பியில் இந்தியப் பெண்களின் முதல் வெற்றி அது. அந்த வகை ஆட்டத்தில் அவர்கள் களமிறங்கியதே அதற்கு முந்தைய ஆண்டுதான்.

அணித்தலைவி புனேயைச் சேர்ந்த வாஹ்பிஸ் பரூச்சா, பிசியோதெரபி படித்தவர். அதே 2019 ஜனவரியில் இங்கிலாந்து தன் 28 வீராங்கனைகளுக்கு முழுநேரச் சம்பள ஒப்பந்தம் கொடுத்திருந்தது. இங்கே அப்போது அப்படி எதுவும் இல்லை. கூலி இல்லை, கூட்டம் இல்லை, வீட்டாருக்கு ஆட்டத்தின் பேரே புதிது. பிறகு எதற்காக ஆட வேண்டும்?

ஸ்கிரம்மைக் கவனித்தால் எனக்கு அதன் விடை தெரிகிறது. எட்டுப் பேர் தோளோடு தோள் பூட்டி, குனிந்து, எதிரணியின் எட்டுப் பேரைத் தள்ள வேண்டும். முன்வரிசை மூவருக்கு உடம்பில் கனம் வேண்டும். அவர்களுக்குப் பின்னால் நிற்பவளுக்கு உயரம் வேண்டும். ஸ்கிரம்முக்கு வெளியே, ஓரத்தில் ஓடுபவளுக்கு வேகம் போதும், ஒல்லியாக இருந்தாலும் பரவாயில்லை. பள்ளியில் "குண்டு" என்று கேலிக்கு ஆளாகும் பெண்ணைத் தேடிப் பிடித்து, நீ வந்தால்தான் நாங்கள் நிற்க முடியும் என்று சொல்கிற விளையாட்டு இது. இப்படிச் சொல்கிற இடங்கள் நம் பெண்களுக்கு எத்தனை இருக்கின்றன?

எங்கள் புதுவையின் எந்தத் தெருவிலும் வயதுக்கு வந்த பெண் கேட்பது வேறு பேச்சு. "குதிக்காத. மூஞ்சில அடிபட்டா எவன் கட்டிக்குவான்?" அக்கறையில்தான் சொல்கிறார்கள். ஆனால் உன் உடம்பு இன்னொருவர் பார்வைக்காகப் பத்திரப்படுத்தி வைத்த பொருள் என்ற பாடமும் அதோடு சேர்ந்து உள்ளே போய்விடுகிறது. இது நமக்கு மட்டும் உள்ள நோய் என்று எண்ண வேண்டாம். நம் ஊரோடு உறவு விடாத பிரான்சில் பெண்கள் 1970-லேயே தங்களுக்கென்று ரக்பி சங்கம் வைத்தார்கள். தேசியக் கூட்டமைப்பு அவர்களைச் சேர்த்துக்கொள்ள 1989 ஆனது.

அடி படும் என்பது உண்மை. தோள் எலும்பு முறியும், முழங்கால் தசைநார் கிழியும், தலையில் மோதினால் மயக்கம் வரும். இதை மறைத்துப் பெண்களை அழைப்பது துரோகம். அதனால்தான் நல்ல பயிற்சியாளர் பந்தைக் கையில் கொடுக்கும் முன்பே விழக் கற்றுத் தருகிறார். டேக்கிள் செய்து எதிராளியைப் பிடித்து வீழ்த்தும்போது, தலையை அவளுடைய இடுப்புக்குப் பின்னால் ஒதுக்கி, தோளைக் கொடுக்கச் சொல்கிறார். மாதக்கணக்கில் இதைப் பழகியவளுக்குத் தன் எலும்பின் வலு தெரியும், அதன் எல்லையும் தெரியும். பயந்து ஒதுங்கிய உடம்புக்கு இந்த இரண்டுமே தெரியாது. நாம் பாதுகாப்பு என்று பெயர் வைத்து அந்த அறியாமையைத்தான் மகள்களுக்குக் கொடுத்துக்கொண்டிருக்கிறோம். மணிலாவில் நின்ற பெண்கள் வெற்றிக்கு முன்பே, தங்கள் உடம்பைத் தங்களுடையதாக ஆக்கிக்கொண்டவர்கள்.

உப்பளம் மைதானத்தில் வாரத்தில் இரண்டு மாலை, ஒரு நல்ல பயிற்சியாளர், சில முட்டை வடிவப் பந்துகள். அரசுப் பள்ளிப் பெண்களுக்கு இவ்வளவாவது புதுவை செய்து கொடுக்கலாம்.