எதைக் கழற்றச் சொல்லலாம்?

2014 ஜூலையில் சீனாவின் வூஹான் நகரில் ஆசியக் கோப்பைக் கூடைப்பந்துப் போட்டி. ஜப்பானுடனான ஆட்டத்தின்போது இந்திய அணியின் அம்ரித்பால் சிங், அம்ஜ்யோத் சிங் இருவரிடமும் தலைப்பாகையைக் கழற்றச் சொன்னார்கள். சர்வதேசக் கூடைப்பந்துச் சம்மேளனமான ஃபிபாவின் அன்றைய விதிப்படி, பிறருக்குக் காயம் உண்டாக்கக்கூடிய பொருள்களில் தலையணியும் ஒன்று. இருவரும் கழற்றினார்கள், ஆடினார்கள். அதே தொடரில் இந்தியா சீனாவை 65-58 என்று தோற்கடித்தது. சீனாவை நாம் வென்றது அதுதான் முதல் தடவை. வெற்றிச் செய்தியும் தலைப்பாகைச் செய்தியும் அடுத்தடுத்து வந்தன. எனக்குள் தங்கியது இரண்டாவது.

காரணம் என் பிழைப்பு. நான் பெரியகுளத்துக்காரன். அகில இந்தியக் கூடைப்பந்துப் போட்டிக்காக மே மாதம் ஊரே மைதானத்தில் கிடக்கும் இடத்தில் வளர்ந்தவன். வந்து சேர்ந்தது புனேயின் கசார்வாடி. லோணாவளா லோக்கல் ஓடும் தண்டவாளமும் பழைய மும்பை சாலையும் பக்கம் பக்கமாகப் போகிற இந்தப் பகுதியில் ஒரு பட்டறையில் லேத் பிரிவுக்கு சூப்பர்வைசராக இருந்து ஓய்வு பெற்றேன். ஞாயிற்றுக்கிழமைகளில் பள்ளி, கல்லூரி ஆட்டங்களுக்கு விசில் ஊதுவேன், இப்போதும் ஊதுகிறேன். இரண்டு வேலையிலும் ஆள் எதிரே வந்தால் என் கண் முகத்துக்குப் போகாது. கழுத்து, மணிக்கட்டு, விரல் என்றுதான் போகும்.

லேத்தில் வேலைப்பொருளைக் கவ்விப் பிடிக்கும் சக் நிமிடத்துக்கு 800 சுற்று சுற்றும்போது அதற்குப் பக்தி தெரியாது. காசிக் கயிறு மாட்டினாலும் இழுக்கும், மாமியார் போட்ட மோதிரம் மாட்டினாலும் இழுக்கும். பின்னாலேயே கை போகும். எனவே கயிறு, மோதிரம், கடிகாரம், முழுக்கைச் சட்டை எதையும் மெஷின் பக்கம் விடமாட்டேன். எங்கள் ஆட்களில் பலர் வாரகரிகள், பண்டரிபுரத்து விட்டலனின் பக்தர்கள். ஆஷாட ஏகாதசிக்காகத் துக்காராம் பல்லக்கு தேஹுவிலிருந்து புறப்பட்டு எங்கள் சாலை வழியாகத்தான் பண்டரிபுரம் போகும். அன்று பாதிப் பட்டறை சாலையோரத்தில் நிற்கும். துளசி மாலை போட்டவர் அதைக் கழற்ற மாட்டார். அவர்களிடம் கழற்று என்று நான் சொன்னதே இல்லை. மாலையைக் கழுத்தோடு ஒட்டிச் சுருக்கிக்கொள், மேலே காலர் பொத்தானைப் போடு என்பேன். முடிந்தது.

ஒரு சர்தார்ஜியிடம் அது முடியவில்லை. தலைப்பாகையால் லேத்துக்கு ஒரு தொந்தரவும் கிடையாது. நீள முடியைக் கட்டி மூடி வைப்பது அங்கே கூடுதல் பாதுகாப்பு. சிக்கல் கையிலிருந்த எஃகுக் காப்பு, அதுவும் சீக்கிய அடையாளம். அதை உள்ளே செருக இடமில்லை. கழற்ற மாட்டேன் என்றார். லேத்தில் விடமாட்டேன் என்றேன். கடைசியில் அவர் இன்ஸ்பெக்‌ஷனுக்கு மாறினார். இருவருக்கும் அதில் முழுத் திருப்தி இல்லை. ஆனால் இருவர் பேச்சிலும் நியாயம் இருந்தது. சக் கையை இழுக்கும் என்பதை நான் காட்ட முடியும், அவரும் அதை மறுக்கவில்லை.

வூஹானில் காட்ட என்ன இருந்தது? கூடைப்பந்தில் காயம் எங்கிருந்து வரும் என்று ஆடியவர்களைக் கேளுங்கள். ரீபவுண்டுக்குக் குதித்து இன்னொருவன் பாதத்தின் மேல் இறங்கினால் கணுக்கால் பிசகும். முழங்கை மூக்கில் படும். நகம் கண்ணில் கீறும். இறுக்கிக் கட்டிய சில முழத் துணி யாரை என்ன செய்யும்? அவிழ்ந்து விழுந்தால் வழுக்கலாம் என்பார்கள். வியர்வை சொட்டினாலும்தான் வழுக்குகிறது. அதற்கு ஆட்டத்தை நிறுத்தித் துடைக்கிறோம். அதே 2014 மார்ச்சில் கால்பந்தின் விதிக்குழு, இரண்டாண்டு சோதனைக்குப் பிறகு, தலைப்பாகையையும் ஹிஜாபையும் அனுமதித்துவிட்டது. கூடைப்பந்துக்காரர்கள் அந்தச் சோதனையைப் பக்கத்து வீட்டில் எட்டிப்பார்த்திருக்கலாம்.

என் கட்சி இதுதான்: ஆபத்து உண்டா இல்லையா என்பது அளந்து சொல்ல வேண்டிய சங்கதி. அளக்காமலே ஆபத்து என்று எழுதி வைத்தால் அந்த விதியும் ஒரு நம்பிக்கைதான். வெறுந்தலைதான் இயல்பான தலை, மற்றதெல்லாம் சேர்மானம் என்கிற நம்பிக்கை. அதைக் கடைப்பிடிக்கிறவருக்குத் தாம் ஒன்றைக் கடைப்பிடிக்கிறோம் என்பதே தெரியாது.

இதில் ஒரு வேடிக்கையும் உண்டு. 1891-ல் இந்த ஆட்டத்தைக் கண்டுபிடித்த ஜேம்ஸ் நெய்ஸ்மித் இறையியல் படித்தவர். ஸ்பிரிங்ஃபீல்டில் ஒய்.எம்.சி.ஏ. ஊழியர்களைத் தயாரித்த பள்ளியில் உருவான ஆட்டம் இது. உடலைப் பண்படுத்துவது ஆன்மாவைப் பண்படுத்தும் வழி என்று நம்பிய கிறிஸ்தவர்களின் கைவேலை. நம் நாட்டில் பரவியதும் ஒய்.எம்.சி.ஏ. வழியாகத்தான், சென்னையில் ஹாரி குரோ பக் 1920-ல் தொடங்கிய உடற்கல்விக் கல்லூரிக்கு அதில் பெரிய பங்கு. மதத்தின் மடியில் பிறந்த ஆட்டம், மதத்தை வாசலில் விட்டுவிட்டு வா என்கிறது.

பட்டறையில் என் தமிழ் நண்பர் ஒருவர் வேறு பக்கமிருந்து மடக்குவார். "என்னங்க இது, துணியிலயா இருக்கு சாமி? நம்ம சித்தருங்க இதையெல்லாம் எப்பவோ கிழிச்சுப் போட்டாங்களே." உண்மை. புறச்சின்னங்களைச் சித்தர்கள் கேலி செய்தார்கள். குரு நானக்கே சிறுவனாக இருந்தபோது பூணூலை மறுத்தார் என்பதுதான் சீக்கிய மரபு சொல்லும் வரலாறு. அந்த மரபில்தான் 1699-ல் குரு கோவிந்த் சிங், வெட்டாத முடி உள்ளிட்ட ஐந்து அடையாளங்களை, தீட்சை பெற்ற சீக்கியர்களான கால்சாவுக்குக் கொடுத்தார். ஒரே மரபு ஒரு சின்னத்தை உதறியிருக்கிறது, இன்னொன்றை ஏற்றிருக்கிறது. இரண்டையும் உள்ளே இருப்பவர்களே செய்தார்கள். சித்தர் நம்மிடம் சொல்லலாம், ஏனென்றால் அவர் தன்னுடையதை முதலில் எறிந்துவிட்டு வந்தவர். விசிலைக் கழுத்தில் மாட்டியவனுக்கு அந்த உரிமை கிடையாது. சென்னை மாகாணத்திலிருந்து போன சிரூர் மடம் வழக்கில் உச்ச நீதிமன்றம் 1954-லேயே, ஒரு மதத்துக்கு எது இன்றியமையாதது என்பதை அந்த மதத்தின் கோட்பாட்டை வைத்துத்தான் பார்க்க வேண்டும் என்றது. நீதிபதிகளுக்கே அவ்வளவு தயக்கம்.

வூஹானுக்கு இரண்டு மாதம் கழித்து இன்சியான் ஆசிய விளையாட்டில் கத்தார் பெண்கள் அணியிடம் ஹிஜாபைக் கழற்றச் சொன்னார்கள். அவர்கள் ஆடாமலே திரும்பினார்கள். உடனே ஒரு தராசு தூக்கப்பட்டது: கழற்றியவர் பெரியவரா, திரும்பியவர் பெரியவரா? எனக்கு அந்தத் தராசே பிடிக்கவில்லை. நாட்டுக்காக ஆட வந்தவனை ஆட்டம் தொடங்கும் நேரத்தில் நிறுத்தி, குருவா கோப்பையா என்று கேட்டால் அவன் எந்தப் பதிலைச் சொன்னாலும் கேட்டவன்தான் கணக்குச் சொல்ல வேண்டும்.

ஃபிபா 2014 செப்டம்பரில் சோதனை முறையில் கொஞ்சம் தளர்த்தியது. 2017 மே மாதம் ஹாங்காங்கில் கூடிய பேரவை விதியையே மாற்றியது. தலையணி கறுப்பு, வெள்ளை அல்லது சீருடையின் நிறத்தில் இருக்கலாம் என்றது. அணியில் எல்லோருக்கும் ஒரே நிறம். முகத்தை மறைக்கக் கூடாது. எதுவும் வெளியே நீட்டிக்கொண்டிருக்கக் கூடாது. நடைமுறைக்கு வந்தது அக்டோபர் 1. பெய்ரூட்டில் ஆசியக் கோப்பை அந்த ஆகஸ்டிலேயே முடிந்துவிட்டிருந்தது. ஆனாலும் விதி நன்றாக எழுதப்பட்டிருக்கிறது. ஏன் போட்டாய் என்று கேட்கவில்லை, எப்படிப் போட்டிருக்கிறாய் என்று கேட்கிறது. துளசி மாலைக்கு நாங்கள் பட்டறையில் செய்ததும் அதுதான்.

எல்லாம் தீர்ந்துவிட்டதா என்றால் இல்லை. இப்போது பட்கா என்ற சிறு தலைத்துணியோடு வரும் சீக்கியப் பையனின் துணி நுனி செருகியிருக்கிறதா, ஊசி எதுவும் இல்லையா என்று விரலால் தடவிப் பார்த்துவிட்டு அனுப்புகிறேன். ஆனால் கார்த்திகை பிறந்தால் ஐயப்பனுக்கு மாலை போட்ட பையன்கள் வருவார்கள். விதிப்படி அது நகை. எதிராளியின் விரல் அதில் சிக்கலாம், அது கற்பனை ஆபத்து இல்லை. விரதம் முடியும்வரை அவர்கள் கழற்ற மாட்டார்கள். மாலையை நெஞ்சோடு சேர்த்து டேப் ஒட்டி, மேலே இறுக்கமான பனியன் போட்டால் விடுவேன். என்னோடு விசில் ஊதும் மராட்டிக்காரர் விடமாட்டார். டேப் வியர்வையில் உரியும், மூன்றாவது குவார்ட்டரில் மணி வெளியே வரும், அப்போது என்ன செய்வாய் என்கிறார். வந்தால் நிறுத்தி மறுபடி ஒட்டச் சொல்வேன் என்கிறேன். மாற்றி மாற்றி நிறுத்தினால் அது ஆட்டமா என்கிறார். அவரும் நாற்பத்தொரு நாள் விரதம் இருக்கிறவர்தான்.