வீட்டுக்காக நாம் ஈடு வைப்பது எதை?



சொந்தமாக ஒரு வீடு வேண்டும் என்பது பேராசையன்று; நியாயமான ஆசை. பத்தடிக்குப் பன்னிரண்டடிக் காம்பராவிலே பிறந்து, அதிலேயே சமைத்து, அதிலேயே பிள்ளைகளை வளர்த்து, அதிலேயே கண்மூடிய தலைமுறைகளின் வழிவந்த மலையக மக்களிடம் அந்த ஆசை மற்றவர்களைவிட அதிகமாக இருப்பதில் வியப்பில்லை. பாப்பரசர் 13ஆம் சிங்கராயர் 1891இல் வெளியிட்ட ‘ரேரும் நோவாரும்’ என்னும் சுற்றுமடலில், தொழிலாளி சிக்கனமாகச் சேர்த்து வாங்கும் காணி, வேறு உருவம் எடுத்த அவனுடைய கூலியே என்று விளக்கினார். ஆகவே வீடு கட்ட நினைப்பது தகுமா என்பதன்று இன்று நம் முன் உள்ள கேள்வி. அந்த வீட்டுக்கு நாம் கொடுக்கும் உண்மையான விலை என்ன? அந்த விலையை அறியாமல் கையொப்பம் இடுவதும், அறிவிக்காமல் கையொப்பம் வாங்குவதும் சரியா? இவைதாம் கேள்விகள்.

ஒரு கோபுரம் கட்ட விரும்புகிறவன் முதலில் உட்கார்ந்து செலவைக் கணக்கிட மாட்டானா என்று ஆண்டவர் கேட்டதை லூக்கா நற்செய்தியின் 14ஆம் அதிகாரம் கூறுகிறது. சீடனாவதன் விலையைப் பற்றியே அவர் அங்கே பேசுகிறார். ஆயினும் அவர் உவமையாக எடுத்தது வீட்டுக் கணக்கை. கணக்குப் பார்ப்பது விசுவாசக் குறைவு என்று எண்ணுவோர் இதைச் சற்றுச் சிந்திக்க வேண்டும்.

நாமும் உட்கார்ந்து கணக்கிடுவோம். ஹட்டன் பட்டணத்தின் ஓரத்தில் ஒரு சிறு காணியை ஈடு வைத்து, ஒரு குடும்பம் பத்து இலட்சம் ரூபா கடன் பெறுவதாக வைத்துக்கொள்ளுங்கள். வட்டி வருடத்துக்கு நூற்றுக்கு 15. தவணைக் காலம் 20 வருடம். மாதத் தவணை ஏறக்குறைய 13,168 ரூபா. கடன் கொடுப்பவர் சொல்வது பெரும்பாலும் இந்த ஓர் எண்ணைத்தான். ‘மாதம் பதின்மூவாயிரம் கட்ட முடியுமா?’ என்று கேட்பார். மகன் கொழும்பில் வேலை செய்கிறான், மகள் கடையில் நிற்கிறாள், முடியும் என்று நாமும் தலையாட்டுவோம்.

ஆனால் 13,168 ரூபாவை 240 மாதங்களால் பெருக்கிப் பாருங்கள். 31 இலட்சத்து 60 ஆயிரம் வருகிறது. வாங்கியது பத்து இலட்சம்; வட்டி மட்டும் 21 இலட்சத்து 60 ஆயிரம். ஒரு வீட்டில் குடியேறி, மூன்று வீட்டுக்குப் பணம் கட்டுகிறோம்.

இன்னும் உள்ளே சென்று பார்ப்போம். முதல் மாதம் கட்டும் 13,168 ரூபாவில் 12,500 ரூபா வட்டிக்கே போய்விடுகிறது. முதலில் கழிவது 668 ரூபா. ஐந்து வருடம் ஒரு மாதமும் தவறாமல் ஏழு இலட்சத்து 90 ஆயிரம் கட்டிய பிறகும், கடன் ஒன்பது இலட்சத்து 40 ஆயிரமாக நிற்கும். பத்து வருடம் முடியும்போது கட்டியது 15 இலட்சத்து 80 ஆயிரம். மீதி நிற்பதோ எட்டு இலட்சத்து 16 ஆயிரம். பாதிக் காலம் போனால் பாதிக் கடன் தீர்ந்திருக்கும் என்று நாம் எண்ணுகிறோம். பாதிக் கடன் தீர்வதற்கு 15 வருடமும் எட்டு மாதமும் ஆகும்.

அதே கடனைப் பத்து வருடத்தில் தீர்ப்பதானால் மாதத் தவணை 16,134 ரூபா. மொத்தம் 19 இலட்சத்து 36 ஆயிரம். மாதம் மூவாயிரத்துக்குச் சற்றுக் குறைவாகக் கூடுதலாய்க் கட்டினால், 12 இலட்சத்துக்கு மேல் மிச்சமாகிறது. சிறிய தவணை ஏழைக்குக் காட்டப்படும் இரக்கம் போலத் தோன்றும். பல வேளைகளில் மிக விலையுயர்ந்த இரக்கம் அதுதான்.

இந்தக் கணக்கை நமது தோட்டத்து அளவையால் அளந்து பார்ப்போம். ஒரு நாள் முழு வேலைக்கு ஒரு பேர் என்கிறோம், குறைந்தால் அரைப்பேர். 2024இல் நிர்ணயிக்கப்பட்ட அடிப்படை நாட்கூலி 1,350 ரூபா. அதன்படி பத்து இலட்சம் என்பது 741 பேர். இருபது வருடத்தில் திருப்பிக் கொடுப்பது 2,341 பேர். ஆயிரத்து அறுநூறு பேர் வட்டிக்கு! மாதம் 25 நாள் வேலை கிடைத்தாலும், ஐந்து வருடத்துக்கு மேற்பட்ட மழையும் பனியும் அட்டைக் கடியும் அந்த 1,600 பேருக்குள் அடங்கியிருக்கின்றன. கூலி உயரும்போது இந்தப் பேர்க்கணக்கு குறையும் என்பது உண்மையே. 2021இல் ஆயிரம் ரூபாவாக இருந்த நாட்கூலி மூன்று வருடத்தில் 1,350 ஆனது. ஆனால் உயர்வது கூலி மட்டுமன்று.

2022ஆம் வருடத்தை நாம் மறந்திருக்க மாட்டோம். அவ்வருடம் ஏப்ரலில் மத்திய வங்கி தன் கொள்கை வட்டி வீதங்களை ஒரே நாளில் ஏழு புள்ளிகள் உயர்த்தியது. மாறும் வட்டிக்குக் கடன் எடுத்தவர்களின் நிலை என்ன? நமது உதாரணத்தில் வட்டி 15இலிருந்து 25 ஆனால், முதல் வருடத்தில் ஒரு மாத வட்டி மட்டுமே இருபதாயிரத்தைத் தாண்டும். பழைய தவணை அந்த வட்டிக்கே போதாது. கட்டிக்கொண்டே இருப்போம், கடனும் வளர்ந்துகொண்டே இருக்கும்.

வேறொரு கண்கட்டு வித்தையும் உண்டு. ‘நூற்றுக்கு 15தான்’ என்று சொல்லி, குறைந்துவரும் மீதிக்கு வட்டி போடாமல், முதலில் வாங்கிய தொகை முழுவதற்கும் கடைசி மாதம்வரை வட்டி போடுவார்கள். ஒரு இலட்சம் ரூபாவை ஐந்து வருடத்துக்கு இவ்வாறு பெற்றால், வட்டி 75 ஆயிரம், மாதத் தவணை 2,917 ரூபா. குறைந்துவரும் மீதிக்குக் கணக்கிட்டால் உண்மையான வட்டி நூற்றுக்கு 15 அன்று; 24க்கும் மேல். சொன்ன எண் பொய்யில்லை. ஆனால் கேட்டவர் விளங்கிக்கொண்டது உண்மையில்லை. பொய் சொல்லாமலே ஏமாற்ற முடியும் என்பதை நல்லொழுக்க இயல் நன்கு அறியும்.

இவ்வளவையும் விட, மலையகத்தில் ஆழமாகச் சிந்திக்க வேண்டிய விடயம் ஒன்று உண்டு. மற்றவர்கள் வீட்டையும் காணியையும் ஈடு வைக்கிறார்கள். தோட்டத்தில் வாழும் நமது மக்களில் பெரும்பாலோருக்கு ஈடு வைக்கக் காணி உறுதி எங்கே இருக்கிறது? 1972, 1975ஆம் வருடங்களின் காணிச் சீர்திருத்தச் சட்டங்களால் தோட்டங்கள் அரசின் கைக்கு வந்தன. 1992இல் நிர்வாகம் கம்பனிகளுக்குப் போனது. இந்த மாற்றங்களில் எதுவும் லயத்தில் இருந்தவர் கையில் உறுதியைக் கொடுக்கவில்லை. 2017 மே 12ஆம் திகதி நோர்வூட்டுக்கு வந்த இந்தியப் பிரதமர் நரேந்திர மோடி மேலும் பத்தாயிரம் வீடுகளை அறிவித்தார். நன்கொடையாக வரும் அத்தகைய வீடுகள் நல்லவை. ஆயினும் தேவை அதைவிடப் பெரிது. ஆகையால் கடன் வருகிறது. காணி இல்லாதவர் எதை ஈடு வைப்பார்? மாதச் சம்பளத்தை, பிள்ளையின் சம்பளத்தை, மனைவியின் தாலிக்கொடியை, ஊழியர் சேமலாப நிதியை. அந்த நிதியில் உள்ள நிலுவையின் நூற்றுக்கு 75 வரை வீட்டுக் கடனுக்குப் பிணையாக்கச் சட்டம் இடம் தருகிறது. தவணை தவறினால் அங்கிருந்து கழிக்கப்படும். வீடு நிற்கும், முதுமைக்கென்று வைத்த சோறு போய்விடும்.

மனித உழைப்பையே ஈடாக்கும் வழக்கத்தை நமது முன்னோர் நன்கு அறிவார்கள். இராமநாதபுரத்திலும் புதுக்கோட்டையிலும் திருச்சியிலும் இருந்து அவர்கள் வந்தபோது, வழிச்செலவே கடனாகக் கங்காணியின் கணக்கில் ஏறியது. தோட்டம் மாறுவதற்கு ‘துண்டு’ வேண்டும். இவ்வளவு கடனைத் தீர்த்தால் இந்த ஆட்களை விடுவிப்போம் என்று எழுதிய சீட்டு அது. அடுத்த தோட்டம் அந்தக் கடனைத் தீர்க்கும். ஆளோடு கடனும் மாறும். 1921இல் சட்டம் அந்தத் துண்டு முறையை ஒழித்தது. இன்றைய வீட்டுக் கடன் துண்டு முறை என்று நான் சொல்லவில்லை. அப்படிச் சொல்வது நீதியாகாது. இன்று கடன் வாங்குபவர் சுதந்திரமான மனிதர். அவர் பெறுவதும் ஒரு வீடு. ஆனால் எவ்வளவு, எதுவரை என்று தெரியாத கடன் ஒரு குடும்பத்தின் வாழ்வை எங்கே கொண்டுபோய் நிறுத்தும் என்பதை மறக்கக்கூடாத மக்கள் நாம்.

அப்படியானால் வட்டி வாங்குவதே பாவமா? திருச்சபை நெடுங்காலம் இக்கேள்வியோடு போராடியது. 14ஆம் ஆசீர்வாதப்பர் 1745இல் எழுதிய சுற்றுமடலில், கடன் கொடுத்தேன் என்ற ஒரே காரணத்துக்காக மேலதிகம் கேட்பதைக் கண்டித்தார். அதே வேளையில் வேறு நியாயமான காரணங்கள் இருக்கலாம் என்பதையும் ஏற்றார். அக்காரணங்களை 2022 நமக்குக் காட்டியது. அவ்வருடம் செப்டெம்பரில் பணவீக்கம் நூற்றுக்கு 69.8 ஆனது. வங்கியில் கிடக்கும் பணம் ஒரு விதவையின் சேமிப்பாகவும் இருக்கலாம். வட்டியே இல்லாமல் அதை இருபது வருடம் கொடுத்துவைத்தால் அவளுக்குத் திரும்புவது வெறும் காகிதம். ஆகவே நியாயமான வட்டி உண்டு. ஆனால் மறைத்து வைக்கப்பட்ட நியாயமான வட்டி என்று ஒன்று இல்லை.

பஞ்சகாலத்தில் வயலையும் திராட்சைத் தோட்டத்தையும் வீட்டையும் ஈடு வைத்து, பிள்ளைகளையும் அடிமைகளாக்க நேர்ந்த மக்களின் கூக்குரலை நெகேமியா கேட்டார். அவர் கோபங்கொண்டது அந்நியர்மீது அன்று. சொந்தச் சகோதரரிடம் வட்டி வாங்கிய தம் இனத்துத் தலைவர்கள்மீது. நூற்றில் ஒரு பங்கைத் திருப்பிக் கொடுங்கள், வீடுகளைத் திருப்பிக் கொடுங்கள் என்று கட்டளையிட்டார். மோசேயின் சட்டமும் திரிகைக் கல்லை ஈடாக வாங்கக்கூடாது என்கிறது. அது ஒருவனுடைய உயிரையே ஈடாக வாங்குவதற்குச் சமம். எல்லாவற்றையும் ஈடு வைக்கலாம் என்றில்லை. பிழைப்பதற்கான வழியைத் தொடக்கூடாது என்பதே இதன் கருத்து.

இந்த அளவுகோலை நம் வீட்டுக்குள் கொண்டுவருவோம். தவணை கட்டுவதற்காக மகளின் பத்தாம் வகுப்பு நின்றால், அந்தக் கடனின் விலை 31 இலட்சம் மட்டுமன்று. தாய் வெளிநாட்டில் வீட்டுப்பணிக்குப் போய், கைக்குழந்தை பாட்டியிடம் வளர்ந்தால், அதையும் கூட்டிக் கணக்கிட வேண்டும். தகப்பன் உரிமைக்காகப் பேச வேண்டிய இடத்தில் தவணையை நினைத்து வாய்மூடி நின்றால், அதுவும் வட்டிதான். இவை எந்த வங்கிப் புத்தகத்திலும் ஏறுவதில்லை.

மறுபக்கத்தையும் நேர்மையாகச் சொல்ல வேண்டும். கடன் வாங்காமல் இருப்பதற்கும் விலை உண்டு. 2014 ஒக்டோபர் 29ஆம் திகதி கொஸ்லாந்தை மீரியபெத்தையில் மண் சரிந்து லயங்களை மூடியது. அபாயமான சரிவில், ஒழுகும் கூரையின் கீழ் காத்திருப்பது சிக்கனமாகாது. நெருக்கமான காம்பராவில் படிக்க முடியாத பிள்ளைக்கும் நட்டம் உண்டு. ஆகையால் ‘கடனே வேண்டாம்’ என்பது எல்லோருக்கும் ஒரே புத்திமதியாக முடியாது. இரண்டு விலைகளையும் எதிரெதிரே வைத்துப் பார்த்து, கண்ணைத் திறந்துகொண்டு தீர்மானிப்பதே விவேகம் என்னும் புண்ணியம்.

எனவே, வாசகரே, கையொப்பமிடுமுன் கேளுங்கள்: முடிவில் நான் மொத்தமாக எவ்வளவு கட்டியிருப்பேன்? வட்டி குறைந்துவரும் மீதிக்கா, முழுத் தொகைக்கா? அது நிலையானதா, மாறுவதா? கையில் காசு வந்தால் முன்கூட்டியே முதலைக் கட்டலாமா, அதற்குத் தண்டம் உண்டா? நான் இறந்தால் என் பிள்ளைகள்மீது என்ன விழும்? விடையைத் தமிழில், எழுத்தில் கேளுங்கள். கேட்பது மரியாதைக் குறைவன்று. கணவன் மட்டும் தீர்மானிக்கவும் வேண்டாம்; மனைவியும் வளர்ந்த பிள்ளைகளும் அந்தக் கணக்கைப் பார்க்கட்டும். யாருடைய சம்பளம் கட்டப் போகிறதோ, அவருக்குச் சொல்லாமல் அதை ஈடு வைக்க எவருக்கும் உரிமையில்லை.

கடன் கொடுக்கும் அலுவலகங்களில் வேலை செய்யும் நமது கத்தோலிக்க இளைஞருக்கும் ஒரு சொல். கேட்காத கேள்விக்கும் விடை சொல்வது உங்கள் கடமை. படித்த உங்களுக்கு அந்தப் பெருக்கல் தெரியும். எதிரே பெருவிரல் பதிக்க நிற்கும் தாய்க்குத் தெரியாது. பங்குகளிலும் படித்தவர் இருவர் ஞாயிறு பூசைக்குப் பின் அரை மணி நேரம் உட்கார்ந்து, கடன் பத்திரத்தோடு வருபவருக்குக் கணக்கை வாசித்துக் காட்டலாம். அதுவும் பிறரன்புச் செயலே.

நூற்றைம்பது வருடத்துக்கு மேல் பிறருடைய கணக்குப் புத்தகத்தில் பெயராக இருந்தவர்கள் நாம். நமது வீட்டின் கணக்கையாவது நாமே எழுதி, நாமே வாசித்து, அதன்பின் கையொப்பமிடுவோம். இறைவன் உங்கள் இல்லங்களை ஆசீர்வதிப்பாராக.