கனவில் சிதையும் உடல்

பல் உதிர்தல், தலை மழிக்கப்படுதல், கைகால் துண்டாகிக் கிடத்தல், மார்பில் செடி முளைத்தல் என உடலைப் பற்றி வரும் விநோதமான கனவுகளுக்குப் பொருள் காண முற்படும்போது முதலில் தீர்க்க வேண்டிய கேள்வி, அந்தப் பொருள் எங்கே இருக்கிறது என்பதாகும். கனவில் தோன்றிய உருவத்திலேயே பொருள் பதிந்து கிடக்கிறது என்று கொண்டால், இன்ன கனவுக்கு இன்ன பலன் என்று வரிசைப்படுத்தி எழுதிவிடலாம். பஞ்சாங்கங்களில் அச்சாகும் சொப்பன பலன் பக்கங்கள் இந்த நம்பிக்கையின் மேல்தான் நிற்கின்றன. உருவத்துக்கும், அதைக் கண்டவருக்கும், அவர் பிறந்து வளர்ந்த ஊரின் வழக்கங்களுக்கும் இடையே உள்ள உறவில்தான் பொருள் பிறக்கிறது என்று கொண்டால், எந்த வரிசையும் தொடக்கக் குறிப்பாக மட்டுமே பயன்படும். தமிழ்ச் சமய மரபில் இவ்விரு பார்வைகளும் இருந்துவருகின்றன என்றாலும், நூல்களையும் வழிபாட்டு வழக்கங்களையும் சேர்த்து நோக்கினால், மரபின் ஆழமான பகுதி இரண்டாவதன் பக்கமே சாய்ந்திருப்பது புலப்படும்.

பலன் சொல்லும் மரபு பழமையானது. பொன்னவன் இயற்றியதாக வழங்கும் கனாநூல் கனவுகளை நன்மை தருவன, தீமை தருவன என்று வகுக்கிறது; இரவை நான்கு யாமங்களாகப் பிரித்து, முதல் யாமத்துக் கனவு பலிக்க நாளாகும், விடியலை ஒட்டிய கனவு விரைவில் பலிக்கும் என்ற கணக்கும் மக்களிடையே இன்றுவரை நிலைத்திருக்கிறது. கி.பி. 2ஆம் நூற்றாண்டில் கிரேக்க மொழியில் கனவு நூல் எழுதிய ஆர்ட்டெமிடோரஸ், வாயை வீடாகவும் பற்களை அவ்வீட்டில் வாழ்வோராகவும் கொண்டு, வலப்பக்கப் பற்கள் ஆண்களையும் இடப்பக்கப் பற்கள் பெண்களையும் குறிக்கும் என்று வகுத்தார். பல் விழுந்ததாகக் கனவு கண்டால் உறவில் ஒருவர் தவறிவிடுவார் என்று தமிழ்நாட்டுச் சிற்றூர்களில் சொல்லப்படுவதும் இதே கருத்தை ஒத்திருக்கிறது. தொலைவில் உள்ள இரண்டு பண்பாடுகள் ஒரே முடிவுக்கு வந்திருப்பது எதிர்காலத்தை அறியும் ஆற்றல் பல்லுக்கு உண்டு என்பதற்குச் சான்றாகாது. வரிசையாக நிற்பது, ஒன்று போனால் இடைவெளி தெரிவது, முதுமையில் மீண்டும் முளைக்காதது ஆகிய பல்லின் இயல்புகள் குடும்பத்துக்கும் பொருந்துகின்றன என்பதை மட்டுமே அது காட்டுகிறது. அதே பல்லைப் பேச்சோடு இணைத்து, பல் போனால் சொல் போச்சு என்னும் பழமொழியும் தமிழில் இருப்பதால், சபையில் பேச அஞ்சும் ஒருவருக்குப் பல் உதிரும் கனவு சாவை விடுத்துத் தம் சொல்லின் மதிப்பைப் பற்றியதாகவும் இருக்கலாம்.

உருவம் ஒன்றாக இருக்க, பொருள் சடங்கினால் மாறுவதற்குக் கம்பராமாயணத்துத் திரிசடையின் கனவு தெளிவான எடுத்துக்காட்டு. இராவணன் தன் தலைகளில் எண்ணெய் பூசி, செந்நிற ஆடை உடுத்து, கழுதையும் பேயும் பூட்டிய தேரில் தென்திசை நோக்கிச் செல்லக் கண்டதாக அவள் சீதையிடம் கூறுகிறாள். கேட்ட எவருக்கும் அதன் பொருள் விளங்கிவிடுகிறது. விழிப்பு வாழ்வில் எண்ணெய் தேய்த்துக் குளிப்பது தீபாவளிக்கும் சனிக்கிழமைக்கும் உரிய மங்கலச் செயலாக இருக்க, கனவில் அது அச்சம் தருவது ஏன் என்பதற்கு விடை சாவுச் சடங்கில் இருக்கிறது. சேலம், நாமக்கல் சமவெளியிலும் கொங்கு நாட்டிலும் இறந்தவரின் தலையில் உறவினர் எண்ணெயும் அரப்பும் வைத்த பின்னரே நீராட்டுவர், தென்திசையோ யமனுக்குரியது. ஆகவே கனவில் வந்த எண்ணெய்த் தலை, அந்தச் சடங்கை அறிந்த சமூகத்துக்கு மட்டுமே படிக்கக்கூடிய எழுத்தாகிறது. மொட்டைத் தலையும் அவ்வாறே: இழவு வீட்டில் அது துயரின் அடையாளம், நேர்த்திக்கடன் தீர்க்கும் கோயிலில் அது நன்றியின் அடையாளம்.

சேலம் மாவட்டத்தின் மேற்கே, மேட்டூருக்கு அருகில் உள்ள மேச்சேரியில் வளரும் ஒருவரின் கனவுக்கு எந்த உருவங்கள் கைவசம் இருக்கும் என்று எண்ணிப் பார்த்தால் இது மேலும் விளங்கும். அவ்வூரின் தெய்வம் பத்ரகாளியம்மன். கோரைப்பல், பல கைகள், தீக்கொழுந்தெனப் பரந்த கூந்தல், மண்டையோட்டு மாலை ஆகியவை காளி வடிவத்துக்குச் சிற்ப மரபு வகுத்த அடையாளங்கள். சுற்றுவட்டாரத்து மாரியம்மன் கோயில்களில் வழங்கும் கதையில், வெட்டுண்ட தலை வேறொரு பெண்ணின் உடலோடு பொருத்தப்பட்டு உயிர் பெறுகிறது. கண்நோய் தீர்ந்தவர் வெள்ளித் தகட்டில் கண்மலர் சாத்துவதும், கைகால் நோய் நீங்கியவர் அந்தந்த உறுப்பின் உருவத்தைக் காணிக்கையாக்குவதும் தமிழ்நாட்டு அம்மன் கோயில்களில் நெடுநாள் வழக்கம். மேச்சேரியிலிருந்து தொலைவில் இல்லாத தாரமங்கலம் கைலாசநாதர் கோயிலில், சிங்க உடலும் யானைத் துதிக்கையும் கலந்த யாளிகள் வாயில் உருளும் கல் உருண்டையுடன் நிற்கின்றன. தனித்து எடுத்த உறுப்பும், இடம் மாறிய தலையும், பல உயிர்கள் கலந்த உடலும் இங்கே வழிபாட்டின் அன்றாடக் காட்சிகள். எனவே துண்டான ஒரு கையைக் கனவில் கண்டவர் அதை விபத்தாகவும் எண்ணலாம், தீர்க்காமல் விட்ட வேண்டுதலாகவும் எண்ணலாம்.

இந்திய மருத்துவ மரபு இவ்விடத்தில் எச்சரிக்கையான ஒரு பாகுபாட்டைச் செய்தது. சரக சம்ஹிதையின் இந்திரியத்தானம் என்னும் பகுதி, கண்டது, கேட்டது, நுகர்ந்தது, விரும்பியது, கற்பனை செய்தது, வருவதை உணர்த்துவது, வாதபித்தகபம் என்னும் தோஷங்களால் எழுவது எனக் கனவை ஏழு வகையாக்கி, முதல் ஐந்துக்கும் பலன் இல்லை என்று ஒதுக்கிவிடுகிறது. மார்பில் முள்கொடி முளைப்பதாகக் காண்பது வயிற்றில் கட்டியாகத் திரளும் குன்மத்தின் அறிகுறி என்பது போன்ற வியப்பூட்டும் குறிப்புகளும் அந்நூலில் உண்டு. அவற்றை இன்று நோய்த் தேர்வாக ஏற்க இயலாது என்றாலும், பெரும்பாலான கனவு வகைகளுக்குப் பலன் இல்லை என்று ஒரு பண்டை நூலே கூறியிருப்பது கவனத்துக்குரியது. 1953இல் அசெரின்ஸ்கி, கிளைட்மன் ஆகியோர் கண்விழிகள் விரைந்து அசையும் உறக்கநிலையை வெளிப்படுத்தினர்; கனவு செறிந்த அந்நிலையில் உடலின் பெரும்பாலான தசைகள் செயலற்றுக் கிடக்கின்றன என்பது பின்னர் உறுதியானது. விழிப்பு வந்தும் தசைகள் விடுபடாத கணத்தையே மக்கள் அமுக்குவான் பேய் நெஞ்சில் ஏறி அமர்ந்ததாகச் சொல்கின்றனர். பல பொருள்கள் ஒரே உருவில் செறிந்து நிற்பதைக் கனவின் இயல்பாகக் கண்டார் சிக்மண்ட் ஃபிராய்டு. யாளியைச் செதுக்கிய சிற்பிக்கு அந்தச் செறிவு புதிதன்று.

கனவில் தெய்வமே தோன்றினாலும் அதை அப்படியே ஏற்காமல் சோதித்துப் பார்ப்பது கொங்கு நாட்டு வழக்கமாகும். காங்கேயத்துக்கு அருகே உள்ள சிவன்மலை சுப்பிரமணியசுவாமி கோயிலில், குறிப்பிட்ட பொருளை வைக்குமாறு ஆண்டவன் கனவில் பணித்ததாகப் பக்தர் ஒருவர் வந்து சொன்னால், சந்நிதியில் பூக்கேட்டு உத்தரவு கிடைத்த பின்னரே அப்பொருள் உத்தரவுப் பெட்டியில் வைக்கப்படுகிறது. ஒருவர் உறக்கத்தில் தனியே கண்டது, பலர் முன்னிலையில் இன்னொரு குறியால் உறுதிப்பட வேண்டும் என்பதே இதன் கருத்து. பெரியபுராணத்துக் கண்ணப்பர் வரலாற்றிலும் இதே அமைப்பு உண்டு: வேடர் வாயிலிருந்து உமிழ்ந்த நீரும், செருப்புக் காலும், கடித்துச் சுவைத்த இறைச்சியும் தீட்டென்று கலங்கிய பூசகர் சிவகோசரியாருக்கு இறைவன் கனவில் தோன்றி, அவையெல்லாம் அன்பின் செயல்கள் என்று பொருளை மாற்றிக் காட்டி, மறுநாள் ஒளிந்திருந்து நேரில் காணவும் பணிக்கிறார். கனவு சொன்னது விழிப்பில் கண்ணையே பெயர்த்து அப்பும் செயலால் மெய்ப்படுகிறது. அருவருப்பாகத் தோன்றிய உடற்செயல் வழிபாடாக விளங்குகிறது.

இதற்கு அடிப்படையான தத்துவத்தைச் சைவ சித்தாந்தம் அவத்தை, அதாவது உயிர் அடையும் நிலை, என்னும் சொல்லால் விளக்குகிறது. விழிப்பாகிய சாக்கிரத்தில் புருவ நடுவில் நின்று 35 கருவிகளோடு தொழிற்படும் உயிர், கனவாகிய சொப்பனத்தில் கண்டத்துக்கு இறங்கும்போது, கண் செவி முதலான ஞானேந்திரியங்கள் ஐந்தையும் கை கால் முதலான கன்மேந்திரியங்கள் ஐந்தையும் விட்டுவிட்டு 25 கருவிகளோடு நிற்கிறது. சுழுத்தி, துரியம், துரியாதீதம் என்று ஆழ்ந்து செல்லச் செல்லக் கருவிகள் மேலும் கழல்கின்றன. கண்ணும் கையும் கழன்ற நிலையிலேயே கனவில் கண்ணும் கையும் தோன்றுகின்றன என்பது இக்கணக்கின் நுட்பமான விளைவு. அந்த உடல் தசையால் ஆனதன்று, நினைவாலும் பற்றாலும் ஆனது. அதனால்தான் அது உதிரவும், பிளக்கவும், பிறர் முகத்தை ஏற்கவும் முடிகிறது. அத்தனை சிதைவையும் பார்த்துக்கொண்டிருந்த ஒன்று சிதையாமல் விழித்தெழுகிறது என்பதால், உயிர் உடலின் வேறானது என்பதற்கு நாள்தோறும் கிடைக்கும் சான்றாகவும் கனவு அமைகிறது.

ஆகவே உடல் சிதையும் கனவைக் கண்டவர் சொப்பன பலன் பக்கத்தைப் புரட்டுவதற்கு முன், அந்த உறுப்பு எந்த உறவோடும் எந்தச் சடங்கோடும் எந்த வேண்டுதலோடும் தம் வாழ்வில் பிணைந்திருக்கிறது என்று கேட்டுக்கொள்வதே மரபுக்கு நெருக்கமான வழியாகும். உறக்கத்தைக் கெடுக்கும் அளவுக்கு ஒரே கனவு மீண்டும் மீண்டும் வந்தால் மருத்துவரிடம் சொல்வதில் தயக்கம் வேண்டியதில்லை. பல் விழும் கனவு கண்ட காலையில் சாவுச் செய்திக்காகக் காத்திருப்பதைக் காட்டிலும், நெடுநாள் பேசாதிருக்கும் உறவினர் வீட்டுக்கு ஒருமுறை போய் வருவது அக்கனவுக்குச் செய்யும் சரியான மரியாதை.