பேப்பர் கொண்டு வருபவர்

எனக்குப் பத்து வயது இருக்கும்போது, எங்கள் பிளாட்டின் நான்காம் மாடியில் ஒரு வீட்டைப் பூட்ட வந்தார்கள். வீட்டுக்காரர் வங்கிக் கடனைக் கட்டவில்லை. வீடு லெலோங் போய்விட்டது. ஆனால் உள்ளே இருந்தது வீட்டுக்காரர் இல்லை. மாதாமாதம் ஒழுங்காக வாடகை கட்டிக்கொண்டிருந்த ஓர் அக்காவும் அவருடைய இரண்டு பிள்ளைகளும். நீதிமன்றத்திலிருந்து வந்தவர் கெட்டவர்போலத் தெரியவில்லை. "நான் என்ன செய்றது, பேப்பர் வந்திருக்கு, என் வேலை இதுதான்" என்று மலாயில் திரும்பத் திரும்பச் சொன்னார். மெத்தையைக் கீழே இறக்க என் அப்பாவும் ஒரு கை பிடித்தார்.

அவர் அன்று முடியாது என்று சொல்லியிருக்கலாமா? பல வருடம் என்னோடு இருந்த இந்தக் கேள்வியை, அமெரிக்க ஷெரீஃபுகளைப் பற்றிப் படித்தபோது வேறு மாதிரி கேட்டுப் பார்க்க முடிந்தது.

ஷெரீஃப் என்றதும் நமக்குக் குதிரை, தொப்பி, மார்பில் நட்சத்திரம் என்று கௌபாய் படம்தான் ஞாபகம் வரும். ஆனால் இன்றும் அங்கே மூவாயிரத்துக்கும் மேற்பட்ட ஷெரீஃபுகள் இருக்கிறார்கள். கவுண்டி என்பது நம் ஊர் மாவட்டம் மாதிரி. அதன் சிறைச்சாலை பெரும்பாலும் ஷெரீஃப் கையில். நகராட்சி போலீஸ் இல்லாத பகுதிகளில் ரோந்து போவது, நீதிமன்றக் காவல், சம்மன் கொடுப்பது, வீட்டைக் காலி செய்ய வைப்பது எல்லாம் அவர் வேலை. நகரத்துப் போலீஸ் தலைவரைப் பொதுவாக மேயரோ நகர நிர்வாகமோ நியமிக்கும், பிடிக்காவிட்டால் அனுப்பிவிடும். ஷெரீஃபைப் பெரும்பாலான மாநிலங்களில் மக்களே தேர்ந்தெடுக்கிறார்கள். கவுண்டி நிர்வாகம் அவருடைய பட்ஜெட்டில் கை வைக்கலாம். அவரைச் சாதாரணமாக வேலையை விட்டு நிறுத்த முடியாது. அதாவது, பேப்பர் கொண்டு வருபவரே அங்கே ஓட்டு வாங்கி வந்தவர். அதனால் "முடியாது" என்று சொல்லும் தைரியம் அவருக்குக் கூடுதலாகவே இருக்கிறது.

ஒருவர் சொன்னார். 2008 அக்டோபரில், அமெரிக்காவில் வீட்டுக்கடன்கள் மூழ்கிக்கொண்டிருந்த நேரம். சிகாகோ நகரம் இருக்கும் குக் கவுண்டியின் ஷெரீஃப் டாம் டார்ட், ஜப்தியான வீடுகளில் இருப்பவர்களை இனி வெளியேற்ற மாட்டேன் என்று அறிவித்தார். வாடகை ஒழுங்காகக் கட்டியவர்கள், வீட்டுக்காரர் கடன் கட்டாததே தெரியாமல், திடீரென்று தெருவுக்கு வந்துகொண்டிருந்தார்கள். எங்கள் நான்காம் மாடிக் கதையேதான். வங்கிகள் தரப்பு கொதித்தது. படித்தபோது எழுந்து நின்று கைதட்டத் தோன்றியது.

ஆனால் அவருக்குக் கைதட்டினால் வேறு யாருக்கெல்லாம் தட்ட வேண்டியிருக்கும்? துப்பாக்கிக் கட்டுப்பாட்டுச் சட்டங்களை அமல்படுத்த மாட்டோம் என்று சொன்ன ஷெரீஃபுகளும் மனசாட்சியைத்தான் காட்டினார்கள். அரிசோனாவின் மாரிகோபா கவுண்டியில் 24 வருடம் ஷெரீஃபாக இருந்த ஜோ அர்பையோ, பாலைவன வெயிலில் கூடாரம் போட்டுக் கைதிகளை அடைத்தவர். லத்தீன் அமெரிக்க வம்சாவளியினரைக் குறிவைத்து வாகனங்களை நிறுத்துவது சட்டவிரோதம் என்று 2013இல் கூட்டரசு நீதிமன்றம் தீர்ப்பளித்தது. குடியேறிகளைச் சந்தேகத்தின் பேரில் பிடித்து வைக்காதே என்ற உத்தரவை வேண்டுமென்றே மீறியதற்காக 2017இல் அவர் குற்றவாளி என்று முடிவானது. அடுத்த மாதமே அதிபர் டிரம்ப் மன்னிப்பு வழங்கினார். அர்பையோவும் ஆறு முறை மக்களால் தேர்ந்தெடுக்கப்பட்டவர்தான்.

"மக்கள்தானே தேர்ந்தெடுத்தார்கள், அப்புறம் என்ன?" என்று கேட்கலாம். எந்த மக்கள் என்பதுதான் பிரச்சினை. அலபாமாவின் டல்லஸ் கவுண்டி ஷெரீஃப் ஜிம் கிளார்க், வாக்காளராகப் பதிய வந்த கறுப்பின மக்களை நீதிமன்ற வாசலிலேயே தடுத்தவர். 1965 மார்ச் 7 அன்று செல்மா பாலத்தில் ஊர்வலம் போனவர்களை மாநிலக் காவலர்களோடு சேர்ந்து அடித்ததில் இவருடைய ஆட்களும் உண்டு, குதிரை மீதேறி. அந்தக் கவுண்டியில் பாதிக்கும் மேல் கறுப்பின மக்கள். ஆனால் வாக்காளர் பட்டியலில் இருந்தவர்கள் மிகச் சொற்பம். அதே வருடம் வாக்குரிமைச் சட்டம் வந்தது. 1966 தேர்தலில் கிளார்க் தோற்றார். அதுவரை அவர் "மக்கள் தேர்ந்தெடுத்தவர்" என்பதற்கு, அவருடைய தடியடிக்கு ஆளாகாதவர்கள் தேர்ந்தெடுத்தவர் என்றுதான் அர்த்தம். அர்பையோவின் ஆட்கள் பிடித்த குடியேறிகளில் பலருக்கும் ஓட்டு கிடையாது.

அப்படியென்றால் டார்ட்டும் ஓட்டுக்காகச் செய்திருக்கலாமே? செய்திருக்கலாம். வாடகைக்கு இருப்பவர்களும் வாக்காளர்கள்தான். அவர் மனதுக்குள் நான் போய்ப் பார்க்க முடியாது. மறுத்த பிறகு இருவரும் என்ன செய்தார்கள் என்பதை மட்டும் பார்க்கலாம். டார்ட் எல்லோர் முன்னாலும் மறுத்தார். குடியிருப்பவருக்கு முன்கூட்டியே தெரியப்படுத்தும் நடைமுறையை நீதிமன்றம் இறுக்கியதும் வேலையைத் தொடர்ந்தார். கடைசி வார்த்தையைத் தனக்கு வைத்துக்கொள்ளவில்லை. அர்பையோ, நீதிமன்றம் நிறுத்து என்ற பிறகும் நிறுத்தவில்லை. சாவியை வைத்திருப்பவர் தன் மனசாட்சிக்கு மேலே யாருமே இல்லை என்று நினைத்துவிட்டால், அவர் எவ்வளவு நல்லவர் என்பது கம்பிக்குப் பின்னால் இருப்பவனின் அதிர்ஷ்டம் மட்டும்தான்.

இந்த அளவுகோலும் முழுசாகப் போதாது, தெரியும். செல்மாவில் சட்டமே பல வருடம் கிளார்க் பக்கம் நின்றது. நீதிமன்றமும் தவறாக இருக்கும் ஊரில் "திரும்பிப் போய்க் கேள்" என்று சொல்வது கல்லில் முட்டிக்கொள்ளச் சொல்வதுதான். அங்கே மறுக்க வேண்டியவர் பதவியை விட்டு இறங்கி, அடி வாங்குபவர்களோடு போய் நிற்பதுதான் நியாயம் என்று தோன்றுகிறது. பதவியையும் விடாமல், தண்டனையையும் ஏற்காமல் மனசாட்சி பேசுவது ரொம்ப மலிவான காரியம்.

எங்கள் பிளாட்டுக்கு வந்தவருக்கு ஓட்டும் இல்லை, நட்சத்திரமும் இல்லை. பேப்பரை அவர் கிழித்துப் போட்டிருக்க வேண்டும் என்று இப்போது நான் நினைக்கவில்லை. "இதில் இந்த அக்கா பேர் இல்லையே, கேட்டுவிட்டு நாளைக்கு வருகிறேன்" என்று சொல்லியிருந்தால் போதும். ஒரு நாள்தான். அதைக் கேட்கும் எண்ணம் என் அப்பா உட்பட அங்கே நின்ற யாருக்கும் வரவில்லை. எல்லோரும் மெத்தை இறக்கிக்கொண்டிருந்தோம்.